முதலில் முகம், பிறகு குரல்

தலைமை வகிக்கும் பாதிரியார் பாட்டிஞ்சர் அவர்களே, எங்கள் தயாரிப்பாளர் திரு. சின்க்ளேர் அவர்களே, கிரிம்ஸ்பியிலிருந்து தம்பிக்காக ரயிலேறி வந்திருக்கும் குமாரி எடித் லார்க்கம் அவர்களே, ஒத்திகையிலிருந்து ஒரு மணி நேரம் அனுமதி வாங்கிக்கொண்டு ஓடிவந்திருக்கும் தோழர்களே, மஸ்வெல் ஹில் பெருமக்களே! இந்த இரங்கல் கூட்டத்துக்கு வந்திருக்கும் உங்கள் அனைவருக்கும் என் வணக்கம்.

என் கையில் இந்தக் காகிதம் ஆடுவதைப் பார்க்கிறீர்கள். பாவம், துக்கம் தாளாமல் நடுங்குகிறார் என்று முன்வரிசையில் இருக்கும் தாய்மார்கள் நினைக்கலாம். பாதி துக்கம்தான். மறுபாதி பயம். சுத்தமான, கலப்படமில்லாத பயம்!

ஏன் பயம்? நம் டெலிவிஷன் தொழில் உங்களுக்குத் தெரியும். ஞாயிற்றுக்கிழமை நடித்த நாடகத்தை வியாழக்கிழமை மறுபடியும் முதலிலிருந்து நடிப்போம். படம் பிடித்து வைத்து ஓட்டுவதில்லை. காற்றில் போனது போனதுதான். ஞாயிறன்று மூன்றாம் அங்கத்தில் உயிர்காக்கும் படகின் தலைவராக வந்து நின்றவர் எட்வின் லார்க்கம். செவ்வாய்க்கிழமை காலை, தாம் குடியிருந்த ஹாப்டே அம்மாவின் வீட்டில், முட்டையை உடைக்கக் கரண்டியைக் கையில் எடுத்தவர் அப்படியே சாய்ந்தார். இன்று வியாழன். அவர் நின்ற இடத்தில் இன்று ராத்திரி நிற்கப்போகிறவன், ஐயா, நான்!

நான் யார்? ஃப்ரெட் காஸ்லிங். பதினாலு வயதில் பள்ளிக்கூடம் என்னைப் பார்த்து, போதும் என்றது. இறைச்சிக் கடையில் நின்றேன். பிறகு ஸ்டூடியோவில் காட்சித் தட்டிகள் தூக்கினேன். ஒருநாள் போலீஸ்காரராக நடிக்க வேண்டியவர் வரவில்லை. அந்த உடுப்பு என் உடம்புக்குப் பொருந்தியது. என் கலைப்பயணத்தின் முழு வரலாறு இதுதான். அன்றிலிருந்து டெலிவிஷனில் நான் கைது செய்தவர்களை ஒன்றாக அடைத்தால் ஒரு சிறை போதாது.

இந்த நாடகத்தில் எனக்கு ஒரு பதவி உயர்வு. இரண்டாவது படகோட்டி. கடலுக்குப் போன மகனுக்காகக் காத்திருக்கும் ஒரு தாயிடம் எட்வின் லார்க்கம் ஒரு பக்கம் பேசி முடித்ததும் நான் “ஆமாம்மா” என்று சொல்ல வேண்டும். வசனம் அவ்வளவுதான். இன்று காலை அந்த ஒரு பக்கத்தை மனப்பாடம் செய்துகொண்டு சாப்பிட உட்கார்ந்தேன். என் மகள் மாரீன் எதிரில் உட்கார்ந்திருந்தாள்.

“அப்பா, நெசமாவே நீங்கதான் பேசப்போறீங்களா?”

“ஏன், என்னால முடியாதா?”

“ஞாயித்துக்கிழமை அந்த ‘ஆமாம்மா’வையே நீங்க முந்திச் சொல்லிட்டீங்கப்பா. அந்தம்மா இன்னும் கேள்வியே கேக்கல.”

“ஏய், சும்மா இருடி,” என்றாள் என் மனைவி எல்ஸி. “மனுஷன் ஏற்கெனவே டீயில உப்பைப் போட்டுக் கலக்கிக் குடிச்சிட்டாரு.”

குடித்தது உண்மை. உப்பு என்று எல்ஸி சொன்ன பிறகுதான் எனக்குத் தெரிந்தது.

நண்பர்களே, என் கதை போதும். யார் இந்த எட்வின் லார்க்கம்? தெருவில் போகும்போது யாராவது அவரை அடையாளம் கண்டதுண்டா? இல்லை. அவர் படம் பத்திரிகையில் வந்ததுண்டா? இல்லை. அவர் நடித்ததில் ஓர் அங்குலப் படச்சுருளாவது எங்காவது இருக்கிறதா? இல்லவே இல்லை! ஆனால், டெலிவிஷன் என்ற சொல்லே ஊருக்குத் தெரியாத காலத்தில், அதற்குள் முகத்தை நீட்டிய முதல் சில பேரில் அவர் ஒருவர்.

லாங் ஏக்கர் தெருவில் ஒரு மாடி அறை. இருட்டு அறை. கும்மிருட்டு! நடிகர் ஒரு நாற்காலியில் உட்கார வேண்டும். எதிர்ச் சுவரில் ஒரு சின்ன ஓட்டை. அதிலிருந்து ஒரு வெளிச்சக் கீற்று படபடவென்று துடித்துக்கொண்டே வந்து முகத்தை மேயும். தலையைக் கொஞ்சம் திருப்பினால் போச்சு, நாட்டில் யாருக்கும் தெரியமாட்டீர்கள். அந்த வெளிச்சத்துக்கு மனித முகம் பிடிபடாது. அதனால் முகமெல்லாம் வெள்ளைச் சுண்ணாம்பு, உதட்டுக்கு நீலம், மூக்கின் இரண்டு பக்கமும் கறுப்புக் கோடு. இது போதாதென்று இன்னொரு கூத்து. ஆரம்பத்தில் நிலையத்துக்கு இருந்தது ஒரே ஒரு ஒலிபரப்புக் கருவி. அது படத்தை அனுப்பும், அல்லது சத்தத்தை அனுப்பும். இரண்டையும் சேர்த்து அனுப்பாது. ஆகவே நடிகர் முதலில் வசனத்தை முகத்துக்காக நடிப்பார். பார்ப்பவனுக்கு உதடு அசைவது தெரியும், ஓசை இருக்காது. பிறகு அதே வசனத்தைக் குரலுக்காகச் சொல்வார். அப்போது பெட்டியில் படம் இருக்காது.

முதலில் முகம், பிறகு குரல். எட்வின் லார்க்கம் இந்தத் தொழிலைக் கற்றது அப்படித்தான்.

ஒருநாள் அந்த அறையில் கழுவத் தண்ணீர் வரவில்லை. சுண்ணாம்பும் நீல உதடுமாக அப்படியே பஸ் ஏறப் போனார். நடத்துநர் ஏற விடவில்லை. நடந்தே வீடு வந்து கதவைத் தட்டினார். ஹாப்டே அம்மா, நீங்களே சொல்லுங்கள், என்ன நடந்தது?

சொல்லமாட்டார், வெட்கப்படுகிறார். நான் சொல்கிறேன். கதவைத் திறந்தவர் ஒரே அலறல். “ஐயோ கர்த்தரே! யாரு நீ? யாரு செத்துட்டாங்கன்னு வந்து நிக்கற?”

“யாரும் சாகலம்மா. நான்தான், மாடி அறை லார்க்கம். டெலிவிஷன்ல நடிச்சிட்டு வர்றேன்.”

“அது என்ன எழவோ, அதை மொதல்ல கழுவிட்டு உள்ள வா. மாசக் கடைசிக்குள்ள ஒழுங்கா ஒரு வேலையும் பாத்துக்கோ!”

அவர் வேறு வேலை பார்க்கவில்லை. ஹாப்டே அம்மாவும் அவரை விரட்டவில்லை. இருபத்து நான்கு வருஷம் அதே மாடி அறை.

பிறகு குன்றின் மேல் பெரிய ஸ்டூடியோ வந்தது. இருட்டு போய் நெருப்பு வந்தது! விளக்குச் சூட்டில் ஒட்டுமீசை உருகி வாய்க்குள் வரும். மூன்று கேமராக்கள், தரை முழுவதும் மலைப்பாம்பு போலக் கம்பிகள், ஓர் அறையிலிருந்து இன்னோர் அறைக்கு ஓடும்போதே மேலங்கியைக் கழற்ற வேண்டும். சிவப்பு விளக்கு எரிந்துவிட்டால் மன்னிப்பே கிடையாது. தும்மினால் தும்மியதுதான். போர் வந்து ஏழு வருஷம் நிலையத்தை மூடினார்கள். எட்வின் லார்க்கம் ஆம்புலன்ஸ் ஓட்டினார். இடிந்த தெருக்களுக்குள் வண்டியை விட்டுக்கொண்டு போனவர் அவர். “அதுல பயமே இல்ல ஃப்ரெட், அங்க வசனம் கிடையாதே” என்பார்.

பயப்படாத நடிகரா எட்வின் லார்க்கம்? தோழர்களே, பொய் சொல்லாதீர்கள்! சிவப்பு விளக்கு எரியும் முன் அவரைப் பார்த்தவர்கள் இங்கே எத்தனை பேர்! முகம் வெளுத்துப்போகும். தீயணைக்க வைத்திருக்கும் மணல் வாளியைத் தேடி ஓடி, அதில் வாந்தியெடுத்துவிட்டு, வாயைத் துடைத்துக்கொண்டு வந்து தன் இடத்தில் நிற்பார். ஒரு நாடகத்துக்கும் இது தப்பியதில்லை. ஸ்டூடியோவுக்குள் நுழைந்ததும் அவருடைய முதல் கேள்வி, “ஃப்ரெட், வாளி எங்க இருக்கு?” தட்டி தூக்கிய காலத்திலிருந்து எனக்கும் அவருக்கும் உறவு அந்த வாளியில்தான் தொடங்கியது.

அந்த மனிதர் என்னைக் காப்பாற்றிய கதையைச் சொல்லாமல் நான் இறங்கக் கூடாது. ஒரு நீதிமன்ற நாடகம். நான் சாட்சி சொல்லும் போலீஸ் சார்ஜென்ட். அவர் எதிர்த்தரப்பு வக்கீல். “அன்று அந்த வீட்டில் என்ன பார்த்தீர்கள்?” என்று கேட்டார். நான் என்ன பார்த்தேன்? ஒன்றுமே பார்க்கவில்லை, ஐயா! தலைக்குள் வெள்ளைச் சுவர். காதுக்குள் இரைச்சல். வசனம் எடுத்துக்கொடுக்கும் பெண் சொன்னது எனக்குக் கேட்கவே இல்லை. கேமரா என் முகத்தை நோக்கி நகர்ந்து வருகிறது. ஓடிவிடலாமா என்று பார்க்கிறேன். சாட்சிக் கூண்டைச் செய்தவனே நான், அதற்குக் கதவு வைக்கவில்லை என்பது அப்போதுதான் ஞாபகம் வந்தது.

எட்வின் லார்க்கம் பேசத் தொடங்கினார். உதடு அசைகிறது, கை ஆடுகிறது, விரல் என்னைக் குத்துகிறது. ஓசை மட்டும் இல்லை! பழைய இருட்டு அறையில் செய்தது போலவே! நாடு முழுவதும் உட்கார்ந்திருந்தவர்கள், பெட்டியில் சத்தம் போய்விட்டது என்று நினைத்தார்கள். எங்கள் பக்கத்து வீட்டு டாப்ஸ், அதோ மூன்றாம் வரிசையில் இருக்கிறார், எழுந்துபோய்ச் செருப்பால் பெட்டியின் மண்டையில் ஒன்று வைத்தார். அதற்குள் நான் எட்வினின் உதட்டைப் பார்த்தேன். அந்த உதட்டில் ஓடிக்கொண்டிருந்தது அவருடைய வசனம் இல்லை, என்னுடைய வசனம்! அதைப் பிடித்துக்கொண்டு பேசிவிட்டேன். சத்தம் திரும்பியது. டாப்ஸ் என் மனைவியைப் பார்த்து, “பாத்தீங்களா எல்ஸி? எங்க அடிக்கணும்னு தெரிஞ்சு அடிக்கணும்” என்றாராம். அன்றிலிருந்து இன்றுவரை அந்தப் பெட்டி அடி வாங்கிக்கொண்டிருக்கிறது.

இப்போது ஞாயிற்றுக்கிழமைக்கு வருகிறேன். சிரிப்பு இத்துடன் போதும்.

மூன்றாம் அங்கம். ஒரு சமையலறை. கடலுக்குப் போன மகனுக்காகத் தாய் மேசையருகே காத்திருக்கிறாள். கதவு திறக்கிறது. மழைக்கோட்டில் தண்ணீர் சொட்ட எட்வின் லார்க்கம் நிற்கிறார், அவர் பின்னால் நான். மகன் இனி வரமாட்டான் என்பதை அவர் சொல்ல வேண்டும். வாயைத் திறந்தார். உதடு அசைந்தது. சத்தம் வரவில்லை.

மறந்துவிட்டார்! நமக்கெல்லாம் எடுத்துக்கொடுத்தவர் மறந்துவிட்டார்! மேலே கண்ணாடி அறையில் திரு. சின்க்ளேர் எழுந்து நின்றுவிட்டார். வசனப் புத்தகத்தோடு கேமரா அருகில் நின்ற ஆட்ரி என்ன செய்வாள்? அவள் கையில் ஒரு பொத்தான் உண்டு. அதை அழுத்தினால் ஸ்டூடியோவின் சத்தம் எதுவும் வெளியே போகாது. அழுத்திக்கொண்டு வசனத்தை எடுத்துக்கொடுக்க வேண்டும். அதுதான் அவள் வேலை. அழுத்தினாள், கொடுத்தாள். அதே நொடியில் எட்வினின் குரல் வந்துவிட்டது. அவருடைய முதல் வரி அந்தப் பொத்தானுக்கு அடியில் நசுங்கிவிட்டது. நாட்டில் ஒருவருக்கும் கேட்கவில்லை. அந்தச் சமையலறைத் தட்டிகளுக்குள் நின்ற நாங்கள் சிலர்தான் கேட்டோம்.

அவர் சொன்ன விதத்தை நான் எப்படிச் சொல்வேன்? என் பிடரி மயிர் இன்னும் அடங்கவில்லை.

முடிந்ததும் நடைபாதையில் மழைக்கோட்டைக் கழற்றிக்கொண்டே கேட்டார். “ஃப்ரெட், முதல் வரி வெளிய போச்சா?”

“போகல சார். பாவம், அந்தப் பொண்ணு பொத்தானை அமுக்கிடுச்சு. நீங்க மறந்துட்டீங்கன்னு நெனச்சிடுச்சு. நானும் அப்படித்தான் நெனச்சேன்.”

“மறக்கலப்பா. அது அப்படித்தான் வரும்.”

“எது சார்?”

சிரித்தார். “விடு. வியாழக்கிழமைதான் இருக்கே. அந்தப் பொண்ணை யாரும் திட்டாம பாத்துக்கோ.”

வியாழக்கிழமைதான் இருக்கே! அவையோரே, இதோ வந்துவிட்டது வியாழக்கிழமை. எங்கே எட்வின் லார்க்கம்?

செவ்வாய் மதியம் திரு. சின்க்ளேர் என்னைக் கூப்பிட்டார். “ஃப்ரெட், நீங்கதான் பண்ணணும்.”

“நானா? சார், வெளையாடாதீங்க சார்.”

“மூணு பேரைக் கேட்டுட்டேன். ஒருத்தனுக்குக் காய்ச்சலாம். ஒருத்தன் ரெண்டு நாள்ல முடியாதுங்கறான். மூணாவது ஆள் ஃபோனை வச்சிட்டான். மூணு வாரமா எட்வின் பக்கத்துலயே நின்னவரு நீங்க ஒருத்தர்தான்.”

“நாடகத்தையே நிறுத்திடலாமே சார்?”

“நிறுத்தலாம். அந்த நேரத்துக்குக் குயவன் சக்கரம் சுத்தற படம் ஒண்ணு வச்சிருக்காங்க, அதைப் போடுவாங்க. எட்வினோட கடைசி நாடகத்துக்குப் பதிலா ஜனங்க பானையைப் பாக்கட்டும். உங்களுக்குச் சம்மதமா?”

சம்மதம் என்று சொல்லத்தான், சத்தியமாக, வாயைத் திறந்தேன். வார்த்தை வரவில்லை. வராததை அவர் வீரம் என்று எடுத்துக்கொண்டார். என் “ஆமாம்மா” இப்போது தட்டி தூக்கும் நெட் பாரோஸுக்குப் போயிருக்கிறது. அதை விதவிதமாகச் சொல்லிப் பார்த்துக்கொண்டே அலைகிறான்.

அன்று முதல் எனக்கு ஒரே கேள்வி. எல்லா வசனத்தையும் எங்களுக்கு எடுத்துக்கொடுத்த அந்த மனிதர், மறக்காமலேயே ஏன் ஊமையாக நின்றார்? பதில் இன்று காலை, இந்தக் கூடத்தின் வாசலில் கிடைத்தது. எடித் அம்மா என்னை நிறுத்தினார்.

“நீங்கதான் எந்தம்பி எடத்துல நிக்கப்போறவரா?”

“ஆமாம்மா,” என்றேன். என் வசனம்! வாழ்நாளில் முதல் முறையாகச் சரியான நேரத்தில் வந்தது.

“அவன் நடிச்சு நான் பாத்ததே இல்லீங்க. எங்க ஊருப் பக்கமெல்லாம் இந்தப் படம் தெரிய ஆரம்பிச்சதே இப்பத்தான். அடுத்த நாடகத்துக்குப் பெட்டி வாங்கறேன்டா, அடுத்த நாடகத்துக்கு வாங்கறேன்டான்னு சொல்லிக்கிட்டே இருந்துட்டேன். இன்னிக்கு ஹாப்டே அம்மா வீட்டுல உக்காந்து பாக்கப்போறேன். அவன் அதுல என்னவா வர்றான்?”

கதையைச் சொன்னேன். வாசலில் நின்று சேதி சொல்லும் படகுக்காரர் என்றேன். முதலில் சத்தம் வராமல் உதடு மட்டும் அசைந்ததையும் சொன்னேன். அந்த அம்மா சுவரைப் பிடித்துக்கொண்டார்.

“எங்கப்பா படகு திரும்பாத அன்னிக்கு வந்து சொன்னவரு அப்படித்தான் நின்னாரு. வாயி அசையுது, சத்தம் வரல. எட்வின் அப்போ சின்னப் பையன், என் கையைப் புடிச்சுக்கிட்டு அவரு வாயையே பாத்துக்கிட்டு நின்னான். அப்புறந்தான் கொரலு வந்துச்சு. அதுக்குள்ள இவனுக்குத் தெரிஞ்சுபோச்சுங்க. என் கைய நசுக்கிட்டான்.”

கேட்டீர்களா? நாமெல்லாம் டெலிவிஷன்காரர்கள். ஒரு மனிதன் வாய் திறந்து பேச்சு வராமல் நின்றால், வசனம் மறந்துவிட்டான் என்று மட்டும்தான் நமக்குத் தோன்றும். ஒரு வீட்டு வாசலில் சாவுச் செய்தி சொல்ல வந்தவனுக்குச் சத்தம் வராது என்பது நம்மில் ஒருவனுக்காவது தோன்றியதா? எனக்குத் தோன்றவில்லை. திரு. சின்க்ளேருக்கும் தோன்றவில்லை. ஆட்ரி, அழாதேம்மா. உன் கை செய்ததை அன்று எங்கள் எல்லோர் மனசும் செய்தது.

தம்பியின் அந்த வரியைத் தமக்கைக்கு இப்போதே, இந்த மேடையிலேயே சொல்லிவிடலாம். சொல்லமாட்டேன். அதற்கு ஓர் இடம் இருக்கிறது, ஒரு வாசல் இருக்கிறது. எடித் அம்மா, இன்று ராத்திரி அந்த வாசலில் வந்து சொல்கிறேன்.

வழக்கமாக இப்படிப்பட்ட கூட்டங்களில், மறைந்தவரின் பணியைத் தொடர்வோம் என்று உறுதி சொல்லிவிட்டு எல்லோரும் டீ குடிக்கப் போவார்கள். அதை எப்போது தொடர்வோம் என்று யாரும் கேட்பதில்லை. என் உறுதிமொழிக்குக் கெடு இருக்கிறது. எட்டரை மணிக்கு நாடகம் தொடங்குகிறது. மூன்றாம் அங்கத்தில் நான் கதவைத் திறப்பேன். என் உதடு அசையும். சத்தம் வராது. எட்வின் லார்க்கம் செய்தது போலவே, அதே அளவு நேரம்.

ஆட்ரி, அப்போது பொத்தானில் விரலை வைக்காதே. நான் மறந்துவிட்டேன் என்று உனக்குத் தோன்றினாலும் வைக்காதே. நான் நிஜமாகவே மறந்துவிட்டாலும் வைக்காதே!

என்ன சொல்கிறேன் என்று தெரிந்துதான் சொல்கிறேன், நண்பர்களே. இதைச் சொல்லிவிட்டால் பிறகு என்னைத் தூக்கிவிட ஒருவரும் இல்லை. எதிரில் நின்று உதட்டசைத்துக் காட்ட எட்வினும் இல்லை. அந்த ஊமை நேரம் முடியும்போது குரல் வந்தால், அது எட்வின் லார்க்கம். வராவிட்டால், அது நான். எது என்று எனக்கே தெரியாது. மணல் வாளி பழைய இடத்திலேயே இருக்கட்டும் என்று நெட்டிடம் சொல்லி வைத்திருக்கிறேன்.

உங்களிடம் ஒரே ஒரு வேண்டுகோள். இன்று ராத்திரி பெட்டிக்கு முன் உட்காரும் எல்லோரிடமும், குறிப்பாக டாப்ஸ், உங்களிடம்! செருப்பைப் பக்கத்து அறையில் விட்டுவிட்டு வந்து உட்காருங்கள். கதவு திறந்ததும் யாரும் எழுந்திருக்காதீர்கள், பெட்டியைத் தட்டாதீர்கள். பெட்டிக்கு ஒன்றும் ஆகியிருக்காது. கொஞ்சம் பொறுங்கள். எடித் அம்மாவின் கையை யாராவது பிடித்துக்கொள்ளுங்கள்.

முதலில் முகம் வரும். பிறகு குரல் வரும்.